டிடெக்டிவ் கோனன் தொடக்க எபிசோடுகள்: எந்த எண், எந்த வரிசை, எந்தத் தந்திரம் தேறும்?

#1 மாடிப்படி_மாறன்
முதலிலேயே சொல்லிடறேன்: இந்த இழையில் கொலையாளி யார், எப்படின்னு எல்லாம் பச்சையா வரும். இன்னும் பார்க்காதவங்க பார்த்துட்டு வாங்க.

புதுசா வர்றவங்களுக்கு ஒரு வரி: இது ஜப்பானிய அனிமே, அதாவது கார்ட்டூன் தொடர். பள்ளி மாணவத் துப்பறிவாளன் ஷினிச்சியை, கறுப்பு அமைப்புங்கிற குற்றக் கும்பலின் ஜின் (கூட்டாளி வோட்கா) கொடுத்த விஷ மருந்து சின்னப் பையனாக்கிடுது. கோனன்னு பெயர் மாத்திக்கிட்டு, தோழி ரான், அவள் அப்பா துப்பறிவாளர் மோரி கோகோரோ வீட்டில் தங்கி வழக்குகளை முடிக்கிறான்.

கேள்வி இரண்டு. ஒன்று, ஜப்பானியப் பட்டியலில் 54ஆவது எபிசோடுன்னு போட்டிருக்கிறதை ஆங்கில டப்பிங்கில் தேடினா வேற கதை ஓடுது. ஏன்? இரண்டு, முதல் 130 எபிசோடில் மையக் கதைக்கு எது அவசியம், எதைத் தாண்டலாம்?

#2 சப்டைட்டில்_சாமி
எண் குழப்பத்துக்குக் காரணம் ரொம்பச் சின்னது. 1996 ஜனவரி 8 திங்கட்கிழமை தொடங்கின தொடர் இது, யோமியுரி டிவி, இரவு 7:30. வழக்கமா அரை மணி நேரம். நடுநடுவே ஒரு மணி நேரம், இரண்டு மணி நேரம்னு சிறப்பு எபிசோடு வரும். ஜப்பானில் அது எவ்வளவு நீளமா இருந்தாலும் ஒரே எண். அமெரிக்காவில் ஃபனிமேஷன் 'கேஸ் க்ளோஸ்டு'ன்னு டப் பண்ணப்போ அதையெல்லாம் அரை மணி நேரத் துண்டுகளா வெட்டி, ஒவ்வொரு துண்டுக்கும் தனி எண் கொடுத்துட்டாங்க.

வெட்டுப்பட்டவை ஐந்து. ஜப்பானிய எண் 11, 52, 76, 118 நான்கும் இரண்டிரண்டு துண்டு. 96 இரண்டு மணி நேரம், அதனால் நாலு துண்டு. கணக்கு இப்படி வரும்:

1 முதல் 10 வரை அப்படியே.
11 என்பது ஆங்கிலத்தில் 11, 12.
12 முதல் 51 வரை ஒன்று கூட்டணும்.
52 என்பது 53, 54.
53 முதல் 75 வரை இரண்டு கூட்டணும்.
76 என்பது 78, 79.
77 முதல் 95 வரை மூன்று.
96 என்பது 99 முதல் 102.
97 முதல் 117 வரை ஆறு.
118 என்பது 124, 125.
119 முதல் 123 வரை ஏழு.

ஆக ஜப்பானிய 123 ஆங்கிலத்தில் 130. அதோட அந்த டப்பிங் நின்னுபோச்சு. நீங்க தேடின 54, அதாவது விளையாட்டு நிறுவனக் கொலை, அங்கே 56.

#3 பனிக்கத்தி
சாமி சொன்னதில் ஒரு பின்விளைவு இருக்கு, பலரும் கவனிக்கிறதில்லை. 123இல் நின்னதால, பின்னாடி முக்கியமாகிற ஹைபரா ஐ அந்த டப்பிங் தொடரில் வரவே மாட்டாள். அவள் வர்றது ஜப்பானிய 129, 1999 ஜனவரி 4 அன்று வந்த இரண்டு மணி நேரச் சிறப்பு. ஆங்கில டப்பிங் மட்டும் பார்த்துட்டு நேரா திரைப்படங்களுக்குப் போறவங்க "இந்தப் பொண்ணு யாரு?"ன்னு முழிக்கிறது அதனாலதான். படங்களின் டப்பிங்கில் அவள் பெயர் அனிடா ஹெய்லி. தொடரிலேயே ஷினிச்சி ஜிம்மி ஆகிட்டான், ரான் ரேச்சல் ஆகிட்டாள், கோகோரோ ரிச்சர்ட் மூர்.

#4 மாடிப்படி_மாறன்
எண் தெளிவாச்சு, நன்றி சாமி. வரிசைக்கு யாராவது வாங்க. எல்லாத்தையும் பார்னு மட்டும் சொல்லாதீங்க.

#5 ரயில்பெட்டி_ஐந்து
மையக் கதைன்னா கறுப்பு அமைப்பு, ஒசாகாவின் இளம் துப்பறிவாளன் ஹெய்ஜி, ஷினிச்சியின் பெற்றோர், மாயத் திருடன் கிட். அதுக்கு என் பட்டியல், எல்லாம் ஜப்பானிய எண்:

1, 2, 3: அடித்தளம். 5: ஷின்கான்சென் குண்டு, ஜின்னும் வோட்காவும் திரும்ப வர்றாங்க. 11: நிலவொளி சொனாட்டா. 43: கோனன் கடத்தப்படுறான், பெற்றோர் அறிமுகம். 48-49: ஹெய்ஜி முதல் வருகை. 54: அமைப்பின் ஆள் டெக்கீலா. 57-58: ஹோம்ஸ் ரசிகர்கள் கூட்டம், கோனன்தான் ஷினிச்சின்னு ஹெய்ஜிக்குத் தெரிஞ்சுடும். 76: கிட். 128, 129: ஹைபராவுக்கு வாசல்.

13ஐ வேணும்னே விட்டிருக்கேன். காரணம் கேட்டா சண்டை வரும்.

#6 மைக்கூடு
சண்டை வரட்டும். 13ஐ எப்படி விடலாம்? அந்தக் காலத்து எபிசோடுகளில் மனசைப் பிசையற கதைகளில் அதுவும் ஒன்று. அப்பாவைத் தேடித் தரச் சொல்லி மோரி அலுவலகத்துக்கு வர்ற ஒரு பெண். கடைசியில் அவளே வழக்கின் நடுவில் நிக்கிறாள்.

#7 ரயில்பெட்டி_ஐந்து
நல்ல கதை, மறுக்கலை. ஆனா அது செல்லாத கதை. மூலப் படக்கதையான மாங்காவில் இது இரண்டாம் தொகுதியிலேயே வருது. அந்தப் பெண் அகேமி, அமைப்பின் ஆள். 100 கோடி யென் கொள்ளைக்குப் பிறகு ஜின் அவளைச் சுட்டுக் கொல்றான். அமைப்பின் நிஜ முகம் கோனனுக்குத் தெரியறது அங்கேதான். அனிமேல 13ஆம் எபிசோடு எடுத்தப்போ அமைப்பையே கதையிலிருந்து உருவிட்டாங்க. மிச்சம் இருந்தது ஒரு சாதாரணக் கொள்ளை வழக்கு.

அப்புறம் மாங்காவில் 18ஆம் தொகுதியில் அகேமியின் தங்கை வந்து நிக்கிறாள். அவள்தான் ஹைபரா. "என் அக்காவை ஏன் காப்பாத்தலை?"ன்னு கோனனைப் பிடிச்சு அழறாள். அனிமே ஆட்களுக்கு இப்போ சிக்கல்: அக்கா செத்த காட்சியே அவங்ககிட்ட இல்லை. அதனாலதான் 128ஐ எடுத்தாங்க. அதே வழக்கு, இந்தத் தடவை மாங்கா வழியில், ஜின்னோட. அடுத்த எபிசோடே 129. ஓட்டையை அடைச்சுட்டு உடனே தண்ணி விட்ட மாதிரி.

புதுசா பார்க்கிறவர் 13ஐயும் 128ஐயும் வரிசையா பார்த்தா ஒரே கதை இரண்டு தடவை, இரண்டு விதமா நடக்கும். அதான் விடுன்னேன்.

#8 மைக்கூடு
சரி, ஒப்புக்கறேன். 129 முடிச்சுட்டு 13ஐத் தனிக்கதையா பாருங்கன்னு மாத்திக்கறேன். கூடவே ஒன்று: 2016 டிசம்பர் 9 அன்று 'எபிசோடு ஒன்' என்ற இரண்டு மணி நேரச் சிறப்பில் தொடக்கக் கதையைத் திரும்பச் சொன்னாங்க. ஓவியம் பளபளன்னு இருக்கும். ஆனா 1996 முதல் எபிசோடுக்கு அது மாற்று இல்லை. பழசு செல் தாளில் (கண்ணாடி மாதிரி பிளாஸ்டிக் தாள்) கையால் வரைஞ்சது, 4:3 சட்டகம், இருட்டெல்லாம் மையைக் கொட்டின மாதிரி இருக்கும். திரையை நிரப்பணும்னு சட்டகத்தை இழுத்து அகலமாக்காதீங்க. முகங்கள் தட்டையாகிறது போதாதுன்னு ஓரத்தில் வச்ச தடயமும் சில பதிப்புகளில் வெட்டுப்படும். துப்பறியும் தொடரில் ஓரம்தானே முக்கியம்.

#9 பனிக்கத்தி
எண், வரிசை முடிஞ்சதுன்னா தந்திரத்துக்கு வரலாமா? என் பெயருக்கு நியாயம் செய்யணும்.

எபிசோடு 3, பாடகி யோக்கோவின் வீடு. பூட்டின வீட்டுக்குள்ள ஒருத்தன் முதுகில் கத்தியோட குப்புறக் கிடக்கிறான். வீடே அடுப்பு மாதிரி கொதிக்குது. உடம்பைச் சுத்தித் தண்ணி, தரையில் ஒரு சின்னப் பள்ளம், பக்கத்தில் சாய்ஞ்சு கிடக்கிற நாற்காலி. விடை தற்கொலை. பனிக்கட்டியில் கத்தியை முனை மேலே நிக்கிற மாதிரி உறைய வச்சு, நாற்காலி மேலிருந்து மல்லாக்க விழுந்தான். விழுந்த வேகத்தில் கத்தியின் கைப்பிடி தரையில் இடிச்ச பள்ளம்தான் அது. பனி உருகிப் போச்சு, பழி யோக்கோ மேல.

இதைச் செய்யறதில் எங்க இடிக்கும்னு பாருங்க. வெறும் தண்ணியில் கத்தியை விட்டா சாய்ஞ்சு பாத்திரத்து ஓரத்தில் படுத்துக்கும். உறையற வரை மேலேயிருந்து பிடிச்சு நிறுத்த ஏதாவது வேணும். பனிக்கட்டி சின்னதா இருந்தா விழற உடம்போட பாரத்தில் சறுக்கி நகரும், இல்ல பிளந்துடும். பெருசா இருந்தா உருக நேரமாகும். ஒரு கிலோ பனியை உருக்கவே 334 கிலோஜூல் வெப்பம் வேணும், காத்து அதை மெதுவாத்தான் கொடுக்கும். அதான் ஹீட்டரை முழுசா திருப்பி வச்சது. அலங்காரத்துக்கு வச்ச விவரம் இல்லை, அது இல்லாம தந்திரமே கிடையாது. யாராவது இரண்டு மணி நேரம் முன்னாடி கதவைத் திறந்திருந்தா பாதிப் பனி அப்படியே நின்னிருக்கும்.

ஒரு கிலோ பனி உருகினா ஒரு லிட்டர் தண்ணி. ஒரு மில்லிமீட்டர் உயரத்துக்குப் பரவினா ஒரு சதுர மீட்டர். வழுக்கி விழற அளவுக்கு ஈரம் இருந்தே ஆகணும். படத்திலும் இருக்கு. இதைச் சரியா வரைஞ்சிருக்காங்க, பாராட்டணும்.

#10 மாடிப்படி_மாறன்
அப்போ முதல் எபிசோடில் வர்ற ரோலர் கோஸ்டர் கொலை? அது எனக்கு அப்பவே கொஞ்சம் ஓவரா பட்டது.

#11 பனிக்கத்தி
ஓவர்தான், ஆனா தர்க்கம் கட்டுக்கோப்பானது. வரிசையைப் பிடிச்சுக்கோங்க: முதல் வரிசையில் கொலை செய்த பெண், இரண்டாவதில் இறந்தவன், மூன்றாவதில் ஷினிச்சியும் ரானும், கடைசியில் ஜின்னும் வோட்காவும். பாதுகாப்புக் கம்பி இறங்கும்போது இடுக்கில் பையைச் செருகி வச்சா கம்பி முழுசா அழுத்தாது. பையை உருவினா உடம்பு நழுவற அளவுக்கு இடம் கிடைக்கும். இருட்டுச் சுரங்கத்துக்குள் காலைக் கம்பியில் மாட்டிக்கிட்டு பின்னால் சாய்ஞ்சு, மெல்லிய உலோக இழை வளையத்தை அவன் கழுத்தில் போட்டு, கொக்கி உள்ள மறுமுனையைத் தண்டவாளத்தில் மாட்டணும். மிச்சத்தை வண்டி பார்த்துக்கும். மணிக்கு 80 கிலோமீட்டர்னு வச்சுக்கிட்டா நொடிக்கு 22 மீட்டர்.

கஷ்டம் கொக்கியில்தான். அந்த வேகத்தில் இருட்டில் வீசற கொக்கி முதல் தடவையே மாட்டணும். மாட்டலைன்னா அந்த இழை பின்னால் பறந்து மூன்றாவது வரிசை முகத்தில் அடிக்கும். பழகின ஜிம்னாஸ்டிக்ஸ் உடம்பு வேணும்னு கதையிலேயே சொல்லிடறாங்க, அது சரி. இரண்டாவது தடவை வாய்ப்பே இல்லைங்கிறதை மட்டும் சொல்லாம விட்டுட்டாங்க.

#12 மைக்கூடு
அதில் எனக்குப் பிடிச்சது கொக்கி இல்லை, கண்ணீர். அவள் கன்னத்தில் கண்ணீர் பக்கவாட்டில் ஓடின தடம். உட்கார்ந்து அழுதா கீழே வழியும். காத்து பின்னால் தள்ளினாத்தான் காதுப் பக்கம் போகும். அப்போ வண்டி ஓடும்போதே, கொலை நடக்கும் முன்னாடியே, அவள் அழுதிருக்காள். சவாரி தொடங்கும்போது கழுத்தில் இருந்த முத்து மாலை இறங்கும்போது இல்லைங்கிறது கையால் தொடக்கூடிய தடயம். கண்ணீர் அப்படி இல்லை, யோசிச்சாத்தான் தடயம். முதல் எபிசோடிலேயே இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வச்சதைப் பார்த்துதான் இந்தத் தொடரை எழுதறவர் விளையாட்டா எழுதலைன்னு புரியும்.

அதே எபிசோடில் இன்னொரு கைவேலை: அயுமி, கென்டா, மிட்சுஹிகோ மூணு பேரும் கேளிக்கைப் பூங்காவில் தலைகாட்டுவாங்க. மாங்காவில் அவங்க அங்க கிடையாது, பள்ளிக்கூடக் கதைகளோடதான் வருவாங்க. சின்னப் பசங்களும் பார்க்கணும்னு அனிமே ஆட்கள் முன்னாடியே நட்டு வச்ச கன்று.

#13 சப்டைட்டில்_சாமி
சப்டைட்டில் தொலைக்கிற விஷயங்களைப் பத்தி ஒரு குறிப்பு.

பெயர்கள்: எடோகாவா கோனன் எப்படி வந்ததுன்னு எல்லாருக்கும் தெரியும், அலமாரியில் இருந்த எடோகாவா ராம்போ, கோனன் டாய்ல் புத்தகங்களைப் பார்த்துச் சொன்ன பெயர். காவல் அதிகாரி மெகுரே என்பது பிரெஞ்சுக் கதைகளின் துப்பறிவாளர் மெக்ரே, பேராசிரியர் அகாசா என்பது அகதா கிறிஸ்டி. பெய்கா நகர் என்பது ஷெர்லாக் ஹோம்ஸின் பேக்கர் தெரு. ஷினிச்சியைச் சின்னவனாக்கின மருந்து ஏபிடிஎக்ஸ் 4869. ஜப்பானிய எண் ஒலிகளில் 4 ஷி, 8 யா, 6 ரோ, 9 கு. சேர்த்துப் படிச்சா ஷியாரோகு, அதாவது ஷெர்லாக்.

இதெல்லாம் தெரியாட்டியும் கதை புரியும். 11ஆம் எபிசோடு அப்படி இல்லை. அங்கே விடையே எழுத்துக்குள்ளதான் இருக்கு.

#14 மைக்கூடு
சாமி, 11ஐ விரிச்சுச் சொல்லுங்க. அதுக்காகவே ஒரு தனி இழை போடலாம்.

#15 சப்டைட்டில்_சாமி
1996 ஏப்ரல் 8, முதல் ஒரு மணி நேரச் சிறப்பு. மாங்காவில் 7ஆம் தொகுதி. இடம் சுகிகாகே தீவு. 12 வருஷம் முன்னாடி தீப்பிடிச்ச வீட்டுக்குள் பீத்தோவனின் நிலவொளி சொனாட்டாவை வாசிச்சபடியே செத்துப்போன பியானோ கலைஞர் அசோ கெய்ஜி. அவர் பெயரிலேயே மோரிக்குக் கடிதம் வருது. தீவில் கொலைகள் தொடங்குது, ஒவ்வொன்றோடும் அந்தச் சொனாட்டாவின் ஒரு பகுதி ஒலிக்குது. முதல் கொலைக்கு முதல் பகுதி, இரண்டாவதுக்கு இரண்டாவது பகுதி, இப்படி.

கொலையாளி ஊர் மருத்துவர் அசாய் நருமி. எல்லாரும் தேடறது அசோவின் மகன் செய்ஜியை. நருமியைப் பெண் மருத்துவர்னே ஊர் நம்புது. இங்கேதான் எழுத்து வேலை செய்யுது: அந்தப் பெயரின் இரண்டு கான்ஜி (சீன வழி வந்த ஜப்பானிய) எழுத்துகளை நருமின்னும் படிக்கலாம், செய்ஜின்னும் படிக்கலாம். பெண் வேஷத்தில் இருக்கிற நருமிதான் அந்த மகன். ஜப்பானிய வாசகருக்குத் திரையில் பெயரட்டையைக் காட்டினாலே தடயம் கண்ணெதிரே இருக்கு. ரோமன் எழுத்து சப்டைட்டிலில் நருமி, செய்ஜி ரெண்டும் ஒட்டாத சொல். தடயம் காணாமப் போயிடுது, விடை மட்டும் வானத்திலிருந்து விழுது. நல்ல சப்டைட்டிலில் மேல் ஓரத்தில் குறிப்பு போட்டிருப்பாங்க. இல்லாத பதிப்பா இருந்தா இந்தப் பதிவை முன்னாடியே படிச்சுட்டுப் போங்க, மர்மம் கெட்டாலும் பரவாயில்லை.

அடுத்து நேரம். இரண்டாவது கொலையில் நாடாவில் இசைக்கு முன்னாடி சில நிமிஷம் வெறுமையா விட்டுப் பதிஞ்சிருக்கான். நாடாவை ஓட விட்டுட்டு வெளியே வந்து எல்லாரோடும் உட்கார்ந்துக்கலாம், இசை பிறகு கேட்கும். ஆனா இது மட்டும் போதாது, உடலைப் பார்க்கிறவர் இறந்த நேரத்தைச் சொல்லிடுவாரே. உடலைப் பார்த்த மருத்துவரே அவன்தான். தீவில் வேற மருத்துவர் இல்லை. தந்திரம் நாடாவில் இல்லை, மருத்துவர் பதவியில் இருக்கு.

#16 பனிக்கத்தி
அதே எபிசோடில் இசை நோட்டுத்தாளில் வர்ற ரகசியக் குறியீடு?

#17 சப்டைட்டில்_சாமி
பியானோவின் இடதுகோடி முதல் கட்டை 'ஏ' சுரம். அதை 'ஏ' எழுத்துன்னு வச்சு, அடுத்தடுத்த கட்டைகளுக்கு அடுத்தடுத்த ஆங்கில எழுத்து. அதில் ஜப்பானியச் செய்தியை ரோமன் எழுத்தில் எழுதணும். 88 கட்டையில் 26 எழுத்து தாராளமா அடங்கும். கறுப்புக் கட்டையையும் சேர்த்து எண்ணினா 26ஆவது, மூன்றாவது 'ஏ'வைத் தாண்டின கறுப்புக் கட்டை, எல்லாமே கீழ்ஸ்தாயி உறுமல். வெள்ளையை மட்டும் எண்ணினா நடு 'ஸி'க்கு மேலே இரண்டாவது வெள்ளைக் கட்டை வரை வரும். எப்படி எண்ணினாலும் சொனாட்டாவோட ஒட்டாது. அதனாலதான் தாளைப் பார்க்கிற, வாசிக்கத் தெரிஞ்ச ஆளுக்கு அந்த வரிகள் உறுத்தும். ரகசியமா இருக்கணும்னா மோசமான குறியீடு. ஆனா நருமிக்கு வேண்டியது ரகசியம் இல்லை, குறிப்பிட்ட ஆட்கள் படிச்சு நடுங்கணும். அதுக்குச் சரியான குறியீடு.

கடைசியில் எரியற கட்டடத்துக்குள் அதே குறியீட்டில் கோனனுக்கு ஒரு நன்றி வாசிச்சுட்டுச் சாகிறான். வாசிக்கிறதைக் கேட்டே சொல்லைப் பிரிச்சு எடுக்கிறான் கோனன். பாட்டில் சுத்தமாப் பாடத் தெரியாத ஆளுக்குச் சுரம் இவ்வளவு துல்லியமாக் கேட்கிறது இந்தத் தொடரின் நிரந்தர வேடிக்கை.

#18 ரயில்பெட்டி_ஐந்து
11ஐ மையக் கதைப் பட்டியலில் வச்சதுக்குக் காரணம் இதுதான். அமைப்பு இல்லை, ஹெய்ஜி இல்லை, ஆனா கோனன் இதுக்கு அப்புறம் மாறிடறான். 77-78இல், ஆங்கில எண் 80-81, குற்றவாளியைத் துப்பறிஞ்சு மூலையில் தள்ளி, சாகவும் விட்டுடற துப்பறிவாளன் கொலைகாரனுக்குச் சமம்னு ஹெய்ஜிகிட்ட சொல்வான். அந்த வரி எங்கேருந்து வந்ததுன்னு 11 பார்த்தவருக்குத்தான் தெரியும்.

#19 மாடிப்படி_மாறன்
சாதனங்களைப் பத்திக் கேட்க மறந்துட்டேன். கோகோரோவைத் தூங்க வைக்கக் கோனன் கையில் கட்டியிருக்கிற மயக்க ஊசிக் கடிகாரம் நடக்கிற காரியமா?

#20 பனிக்கத்தி
நடக்காது. நொடியில் தூங்க வைச்சு, அப்புறம் பழுது இல்லாம எழுப்பற ஊசி மருந்து கிடையாது. தசையில் போட்ட மருந்து ரத்தத்தில் ஏறவே நிமிஷக்கணக்கு ஆகும், அளவு கூடினா மூச்சு நிக்கும். வாரம் ஒரு தடவை அதே கழுத்தில் வாங்கற கோகோரோ உயிரோட இருக்கிறது மருத்துவ அதிசயம். ஆனா கதை விதியா பார்த்தா நல்ல சாதனம்: ஊசி ஒண்ணே ஒண்ணு. குறி தப்பினா போச்சு. ஸ்கேட்போர்டும் அப்படித்தான், சூரிய சக்தி, இருட்டினா நின்னுடும். குறை இல்லாத சாதனம் கதையைக் கெடுக்கும், அது இவங்களுக்குத் தெரிஞ்சிருக்கு. 3ஆம் எபிசோடில் ஊசி இல்லாம கோகோரோ தலையில் சாம்பல் கிண்ணம் பறந்ததே, மருத்துவப்படி பார்த்தா அது இன்னும் நம்பற மாதிரி இருக்கு, பாவம்.

#21 மைக்கூடு
48-49ல ஷினிச்சி உருவம் திரும்பறதும் அதே விதிதான். சளி பிடிச்ச உடம்பில் ஹெய்ஜி கொடுத்த பைக்காரு சீனச் சாராயம், அதனால் கொஞ்ச நேரம் பெரியவன். பிறகு அதையே குடிச்சுப் பார்ப்பான், வேலை செய்யாது. வழியைத் திறந்து காட்டிட்டு உடனே பூட்டிடுவாங்க.

மையக் கதையில் சேராட்டியும் 34-35ஐ யாரும் தாண்டாதீங்க, ஆங்கிலத்தில் 35-36. மலை வீடு, கட்டுப் போட்ட மனிதன். ராத்திரி தனியா பார்க்க வேண்டாம். அதில் ஒருத்தரோட உடம்புப் பருமனை மட்டும் கவனிச்சுக்கிட்டே இருங்க, அதுக்கு மேல சொல்ல மாட்டேன்.

#22 ரயில்பெட்டி_ஐந்து
36 தலைப்பே 'திங்கள் இரவு 7:30 கொலை வழக்கு'. தொடர் ஒளிபரப்பான அதே கிழமை, அதே நேரம். அந்தக் காலத்துக் குறும்பு. இப்போ சனிக்கிழமைக்கு மாறினதால புதுசா பார்க்கிறவங்களுக்கு அது பிடிபடாது.

மாறன், உங்க பட்டியலை ஆங்கில எண்ணில் மாத்திட்டேன், அப்படியே குறிச்சுக்கோங்க: 1, 2, 3, 5, 11-12, 44, 49-50, 56, 59-60, 78-79. 128, 129 இரண்டுக்கும் ஜப்பானிய ஒலி, சப்டைட்டில். அந்த டப்பிங்கில் 128, 129னு எண் இருக்கும், ஏமாந்துடாதீங்க, அது ஜப்பானிய 121, 122.

#23 மாடிப்படி_மாறன்
அதே 128ஐத்தான் நேத்து திறந்து வச்சுட்டு அகேமி எங்கேன்னு தேடிக்கிட்டிருந்தேன். மாத்திக்கறேன்.